பேர் சொல்லாத மணி

முதல் அடி கேட்டதும் ராபின்சனின் கை தானாகத் தலைக்குப் போனது. தலைக்கட்டை அவிழ்த்தான். அந்தத் துவர்த்துத் துண்டைக் கைக்குள் சுருட்டிக்கொண்டு, பாதி குடித்த சாயாவைப் பெஞ்சில் வைத்துவிட்டு எழுந்து நின்றான்.

கடைக்குள் இருந்தவர்கள் சிரித்தார்கள்.

"இரிங்க அண்ணே. பாட்டாக்கும்," என்றாள் சாயாக்கடை மஞ்சு.

மணி அடித்தது வெளியே நின்ற ஆட்டோவில். ஓட்டுகிற அனில்குமார் புதிதாக மாட்டிய ஸ்பீக்கரில் அது ஊரையே கூப்பிடுகிற மாதிரி கேட்டது. ஒரு அடி. பிறகு ஒரு ஆள் நெஞ்சு நிறைய மூச்சிழுத்து விடுகிற அளவுக்கு வெறுமை. அடுத்த அடி. அதற்கப்புறம்தான் கிட்டார் வரும், டிரம்ஸ் வரும், ஒரு இளவட்டச் செறுக்கன் தொண்டை கிழியப் பாடுவான்.

"என்ன மாமா, நேத்தும் எழும்பி நின்னிய. முந்தாநாளும் நின்னிய," என்றான் அனில், ஆட்டோவுக்குள் இருந்தபடியே. "கோயில் அன்னா எதிர்ல நிக்குது. மணி கோயில்ல அடிக்குதா ஆட்டோவுல அடிக்குதான்னு தெரியாதா?"

"தெரியும்," என்றான் ராபின்சன். "ரெண்டும் ஒரே மணிதானேலே."

அது நிஜம்தான். பாட்டில் அடிப்பதும் எதிரே கோபுரத்தில் தொங்குவதும் ஒரே மணி. அடித்த கையும் ஒன்றுதான். ராபின்சனின் கை.

அவனுக்கு விடிவதற்கு முன்னே ரப்பர் வெட்டு. பிறகு மரச்சீனிக் கிழங்கு நடவோ, மதில் கட்டோ, யார் கூப்பிடுகிறார்களோ அங்கே கூலி. மிச்ச நேரத்தில் கோயிலைப் பெருக்கி, விளக்கைத் துடைத்து, மணி அடிப்பான். அது வெள்ளைக்காரன் காலத்து மிஷன் சர்ச்; ஊரில் கோயில் என்றுதான் சொல்வது. மணி கப்பலில் வந்தது என்பார்கள். ஞாயிற்றுக்கிழமை மணி வேறு. அது தடதடவென்று பள்ளிக்கூடம் விட்ட பிள்ளைகள் மாதிரி ஓடிவரும். மரண மணி வேறு. அது ஒவ்வொரு அடியாக நின்று நின்று வரும். அதைக் கேட்டால் பக்கத்து ஊரான செங்கல் வரைக்கும் ஆட்கள் கைவேலையை நிறுத்துவார்கள். ஆண்கள் தலைக்கட்டு அவிழ்த்து நிற்பார்கள். கல்லறைத் தோட்டத்துப் பக்கத்து வீட்டுக்காரர்கள் மண்வெட்டி எடுத்துக்கொண்டு கிளம்புவார்கள். சிவன் கோயில் தெருவில் இருந்தும் ஆள் வரும். எல்லோரும் கோயில் முற்றத்தில் வந்து கேட்பது ஒன்றே ஒன்று: "யாராக்கும்?"

அந்தக் கேள்விக்கு மணி அடிக்கிறவன் முதலிலேயே பதில் வைத்திருக்க வேண்டும். கயிற்றைப் பிடித்ததும், இழுப்பதற்கு முன்னால், செத்தவர் பேரையும் வீட்டுப் பேரையும் ஒரு தடவை வாய்விட்டுச் சொல்ல வேண்டும். பிறகுதான் முதல் அடி. குழி மூடி, மண்ணைத் தட்டிவிட்டு ஆட்கள் கலையும்போது, ரெண்டு அடி சேர்த்து அடிப்பது மூடு மணி. அதோடு அந்தச் சாவு முடிந்தது. இது எந்தப் புத்தகத்திலும் இல்லை. மணி அடித்தவர்கள் ஒருத்தருக்கொருத்தர் சொல்லிக்கொடுத்தது. பேர் சொல்லாமல் அடித்த மணி ஆள் தேடிப் போகும் என்பதும் அதில் உண்டு. ராபின்சன் அதை யாரிடமும் சொன்னதில்லை. சொல்லவேண்டிய தேவை வந்ததில்லை. இந்த வருஷம் வந்தது.

பாட்டுக்குப் படம் பிடித்தது மீனமாதத்துப் பங்குனி வெயிலில். பாட்டுக்காரர்களின் கூட்டத்துக்கு 'எல்லக்கல்லு' என்று பேர். பாறசாலை, நெய்யாற்றங்கரைப் பக்கத்துச் செறுக்கன்மார்தான். தலைமுடியைப் பின்னால் கட்டிக்கொண்டு பாடுகிறவன் அகிலேஷ். மழை வேண்டும் என்று தண்ணீர் லாரி கொண்டுவந்தார்கள். மூடுபனி வேண்டும் என்று ஒரு இயந்திரம் புகை துப்பியது. தலைக்குமேல் ஒரு டிரோன் வண்டு மாதிரி இரைந்துகொண்டே நின்றது. ரப்பர் மரங்களுக்கு நடுவே கறுத்த சவப்பெட்டியைச் சுமந்துகொண்டு ஆறுபேர் நடக்க வேண்டும். மணி அடிக்க வேண்டும். கோயில் கமிட்டி சம்மதித்தது. நல்ல மைக் செட் ஒன்று வாங்கித் தருவதாகப் பேச்சு. முந்தின நாளே ஊரில் அறிவித்தும் விட்டார்கள், நாளைக்கு அடிக்கிற மணி படத்துக்காக்கும், யாரும் பயப்பட வேண்டாம் என்று.

ராபின்சன் கயிற்றைப் பிடித்துக்கொண்டு டைரக்டரைப் பார்த்தான்.

"யாருக்காக்கும்?"

"என்னது அண்ணா?"

"மணி. யாருக்கு?"

"ஷாட்டுக்கு. இழுங்க அண்ணா, வெளிச்சம் போயிரும்."

காமிரா மோந்து பார்க்கிற மாதிரி அவன் கைக்கு ஒட்டி வந்தது. சுற்றிலும் ஊர்க்காரர்கள் வாய் பொளந்து நின்றார்கள். வேண்டாம் என்று சொல்ல நாக்கு எழும்பவில்லை. இழுத்துவிட்டான். ஒவ்வொரு அடியாக அடித்தான். 'கட்' என்றதும் அவனை நகர்த்திவிட்டுக் கயிற்றுப் பக்கம் அகிலேஷை நிறுத்தினார்கள். மூடு மணி அடிக்க இடமும் இருக்கவில்லை, பேரும் இருக்கவில்லை.

அது வெறும் படம் என்று அவனும் மறந்துதான் போனான். ஈஸ்டர் கழிந்து பாட்டு வெளிவந்தது. வெளிவந்த வேகத்தில் பற்றிக்கொண்டது. 'ஆரும் வரல்ல' என்று பாட்டுக்குப் பேர். பாதி மலையாளம், பாதி நம்ம பேச்சு. எர்ணாகுளத்தில் கேட்கிறார்கள், துபாயில் கேட்கிறார்கள். எல்லை தாண்டிக் களியக்காவிளையில் தமிழ்நாட்டு பஸ்ஸுக்குள் கால் வைத்தால் அதுதான். கோடி பேருக்கு மேலே பார்த்தாகிவிட்டது என்று அனில் கணக்குச் சொன்னான், தானே பாடின மாதிரி.

ராபின்சனும், பிரசவத்துக்கு வீட்டுக்கு வந்திருந்த மகள் ஜிஜாவின் போனில் பார்த்தான். சினிமா மாதிரிதான் இருந்தது. புகைக்குள் இருந்து பெட்டி வருகிறது. மழை பெய்கிறது. கயிறு தெரிகிறது, அதைப் பிடித்த காய்த்துப்போன ரெண்டு கை தெரிகிறது. கடைசியில் குழிக்குப் பக்கத்தில் பெட்டியை இறக்கி, அகிலேஷ் மூடியைத் திறக்கிறான். பெட்டி காலி.

"அப்பாவுக்க கையப் பாத்தியளா?" என்றாள் ஜிஜா. ஆறுமாச வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "கீழ கமெண்ட்ல எழுதியிருக்கானுவ, அந்தக் கை யாருக்க கைன்னு."

அன்றைக்கு ராபின்சனுக்குச் சோறு இறங்கவில்லை. பெட்டி காலி. பேர் இல்லை. மூடவும் இல்லை. திறந்துவிட்ட மணி உலகம் பூரா அடித்துக்கொண்டு கிடக்கிறது, ஒரு ஆளைத் தேடி. அடித்தவன் வீட்டில் ஒரு பெண் வயிற்றைத் தள்ளிக்கொண்டு நிற்கிறாள்.

அதைவிட மோசம், ஜிஜா அதையே தன் போனுக்கு மணியாக வைத்துவிட்டாள். யார் கூப்பிட்டாலும் அது அவள் மடியிலேயே அடிக்கும்.

"அது வேண்டாம் மக்கா. வேற ஏதாவது பாட்டு வையி."

"ஏம்ப்பா? அப்பாவுக்க கையாக்கும். எனக்குக் கேக்கும்போ ஒரு தைரியம் வருது."

வயிற்றுப்பிள்ளைக்காரியிடம் காரணம் சொல்ல முடியுமா? அன்று முதல் வேலைக்குப் போன இடத்தில் இருந்து மகளுக்கு போன் செய்வதை நிறுத்திவிட்டான். விவரம் கேட்க வேண்டுமானால் மனைவி ஓமனாவுக்குப் போட்டுக் கேட்பான். ஜிஜாவுக்கு வருத்தம். "அப்பாவுக்கு எனக்க மேல என்னவோ கோவம்," என்று துபாயில் இருக்கிற மாப்பிள்ளை ஜினுவிடம் சொல்லி அழுதாளாம்.

எட்டாம் மாசம் பிறந்ததும் அவளுக்குக் காலில் நீர் கோத்தது. பிரஷர் ஏறுகிறது, உப்பைக் குறைக்க வேண்டும் என்று நெய்யாற்றங்கரை ஆசுபத்திரியில் சொன்னார்கள். மணி வழி கண்டுபிடித்துவிட்டது என்று ராபின்சன் நினைத்தான்.

போதகரிடம் போனான். சின்ன வயசுக்காரர், நல்ல மனுஷன். மாற்றலாகி வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டார்.

"ராபின்சன், மணி வெறும் வெண்கலம். அதுக்கு ஆளத் தேடத் தெரியாது."

"தெரியும் ஐயா. அதுக்குத் தெரியாதுன்னு எனக்குத் தெரியும். ஆனா ராத்திரி கண்ண மூட முடியல்ல."

"ஜெபம் பண்ணுவோம். பிள்ளை நல்லபடியா பெறக்கும்."

"ஜெபமும் பண்ணுங்க. அதோட நான் மூடு மணி அடிச்சுக்கிடட்டுமா? ரெண்டே ரெண்டு அடி."

போதகர் முகம் மாறியது. "அது செய்யாண்டாம். சாவு இல்லாம மணி அடிச்சா ஊரு கலங்கும். எவனாவது நெஞ்சு வலிக்காரன் விழுந்தான்னா யாரு பதில் சொல்லது? ஒரு தடவ செய்தது போதும். இனி சாவுக்கு மட்டும்தான் அந்த மணி. எனக்கு வாக்குத் தாங்க."

ராபின்சன் வாக்குக் கொடுத்தான். கொடுத்தபிறகுதான் யோசித்தான், பேர் இல்லாமல் மூடவும் முடியாதே என்று. யாருக்குத் திறந்ததோ அவர் பேரில் அல்லவா மூட வேண்டும்? சரி, அந்தப் பெட்டியில் யாரை நினைத்துப் பாட்டு எழுதினார்கள் என்று அவர்களிடமே கேட்டுவிடுவது. எழுதினவன் மனசில் ஒரு ஆள் இல்லாமல் இருக்குமா?

ரப்பர் வெட்டை முடித்துக்கொண்டு, சட்டை மாற்றி, நெய்யாற்றங்கரைக்கு பஸ் ஏறினான். டிரம்ஸ் அடிக்கிற தீபுவின் வீட்டு மாடியில்தான் அவர்கள் கூடுவார்கள் என்று அனில் விசாரித்துச் சொல்லியிருந்தான்.

கதவைத் திறந்தது தீபுவின் அம்மா சுஜா. மாவு கை. யார் என்று சொன்னதும் மேலே பார்த்துக் கூப்பிட்டாள். "எலே, உங்க மணிக்காரர் வந்திருக்காரு."

மாடியில் கால் வைக்க இடமில்லாமல் வயர் கிடந்தது. தீபு எழும்பி வந்து கட்டிப்பிடித்தான். வெள்ளரிக்காய் மாதிரி ஒரு பையன், காதில் கடுக்கன்.

"அண்ணா, நீங்க எங்களுக்க ஸ்டாராக்கும். எனக்கு இல்லாத பேன்ஸ் உங்க கைக்கு உண்டு."

அகிலேஷ் நாற்காலியை இழுத்துப் போட்டான். மெலிந்திருந்தான். கண்ணுக்குக் கீழே கறுப்பு. அடுத்த பாட்டு எப்போ, அடுத்த பாட்டு எப்போ என்று எல்லோரும் பிடுங்குகிறார்கள் என்றான்.

ராபின்சன் வந்த காரியத்தைச் சொன்னான். "அந்தப் பெட்டியில கெடந்தது யாராக்கும்?"

"பெட்டி காலி அண்ணா. அதாக்கும் கிளைமாக்ஸ்."

"அது படத்துல. உனக்க மனசுல யாரு?"

அகிலேஷ் யோசித்தான். உண்மையாகவே யோசித்தான். "யாருமில்ல அண்ணா. தனியா இருக்கவனுக்க பாட்டு அது. யாரு வேணும்னாலும் அவனவன் நெனச்சுக்கிடலாம்."

"யாரு வேணும்னாலுமா," என்றான் ராபின்சன். அவன் பயந்ததும் அதைத்தான். "காலிப் பெட்டிக்கு எங்க ஊர்ல மணி அடிக்கது இல்ல மக்கா. ஒரு பேரு வேணும். எனக்க மக பிரசவத்துக்கு நிக்கா."

பாட்டில் இருந்து மணியை எடுத்துவிட முடியுமா என்று ராபின்சன் கேட்டான். பாட்டு இனி அவர்கள் கையில் இல்லை, கம்பெனி கையில் என்றான் அகிலேஷ். எடுத்தாலும் கோடி போனில் கிடக்கிறதை எங்கே போய் எடுக்க?

சூழ்நிலையை லேசாக்க நினைத்துத் தீபு சிரித்தான். "பேருதானே வேணும்? எனக்க பேர வெச்சுக்கிடுங்க அண்ணா. தீபு. இத்தன பேரு கேக்க மணி அடிச்சு அனுப்புனா என்ன கெத்தா இருக்கும்."

சாயாவும் ஏத்தங்காய் உப்பேரி வறுவலும் கொண்டு படி ஏறிவந்த சுஜா அதைக் கேட்டுவிட்டாள். "வாயில வசம்பு தேய்க்கணும்லே உனக்கு," என்றாள். தட்டை வைத்துவிட்டு ராபின்சனைப் பார்த்தாள். "மகளுக்கு எத்தனாம் மாசம்? முதல் பிள்ளையா? ஒண்ணும் பயந்து பேடிக்காண்டாம் அண்ணே. இவனும் நீர் கோத்துத்தான் பெறந்தான். ஆளப் பாருங்க."

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தும் ராபின்சன் வெளியே பார்க்கவில்லை. தீபு, தீபு என்று ஒரு பேர் நாக்கில் ஒட்டிக்கொண்டு வந்தது. காறித் துப்ப வேண்டும் போல இருந்தது. துப்பவும் மனசு வரவில்லை.

கர்க்கடகத்து ஆடி மழை நின்று வெயிலடித்த ஒரு உச்சிவேளையில் ஓமனா கூப்பிட்டாள். ராபின்சன் கோயில் முற்றத்தில் விழுந்த தென்னோலையை இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தான்.

"ஜிஜாவ நெய்யாற்றங்கரை ஆசுபத்திரியில இருந்து திருவனந்தபுரத்துக்குக் கொண்டு போறாவ. நானும் ஆம்புலன்ஸ்லதான் இருக்கேன்."

"என்னவாக்கும்?"

"பிரஷர் கூடிப்போச்சு. காலையில ஒரு தடவ கையுங்காலும் வெட்டி இழுத்துது. பிள்ளைய ஒடனே எடுக்கணுமாம்." ஓமனாவின் குரல் கயிறு மாதிரி இழுபட்டிருந்தது. "ரெண்டுல ஒண்ணுதான் கிட்டுமோன்னு எனக்கு ஒரு பேடி. நீங்க பொறப்பட்டு வாருங்க. போன வைக்கேன், அவ என்னவோ சொல்லுகா."

அவள் வைப்பதற்கு முன்னால் ஆம்புலன்ஸுக்குள் இன்னொரு போன் அடிப்பது கேட்டது. ஒரு அடி. மூச்சு விடுகிற வெறுமை. அடுத்த அடி. மாப்பிள்ளை கூப்பிடுகிறான் போலிருக்கிறது.

ராபின்சன் ஓலையைக் கீழே போட்டான். ரோட்டுக்கு ஓடத்தான் திரும்பினான். கால் கோபுரத்துக்குப் போனது.

உள்ளே வவ்வால் நாற்றம். கயிறு ஈரமாக இருந்தது. தலைக்கட்டை அவிழ்த்துத் தோளில் போட்டுக்கொண்டு ரெண்டு கையாலும் பிடித்தான். போதகருக்குக் கொடுத்த வாக்கு நினைவு வந்தது. இதோடு கோயில் வேலை போகும். போகட்டும். ஊர் கூடி வந்து கேட்கும். கேட்கட்டும். இப்போது ஒரு பேர் வேண்டும், அவ்வளவுதான்.

தீபு. ரெண்டே எழுத்து. அவனே அவன் வாயால் தந்தது, யாரும் பிடுங்கவில்லை. இவன் கையில் ரத்தம் இல்லை. வாய் திறந்தால் போதும், அதோடு முடிந்துவிடும். சொன்ன பேர் யாருக்கும் தெரியப் போவதில்லை. ஜிஜா பிழைப்பாள்.

ராபின்சன் வாயைத் திறந்தான். அப்போது மாவு கையோடு கதவைத் திறந்த சுஜாவின் முகம் முன்னால் வந்தது. நீர் கோத்துத்தான் பெறந்தான், ஆளப் பாருங்க.

வாயை மூடிக்கொண்டான். வேறு பேர்களைத் தேடினான். ஏற்கெனவே செத்துப்போன அப்பன் பேரைச் சொன்னால் என்ன? செத்தவருக்கு இவனே மூடு மணி அடித்தாகிவிட்டது. மூடின குழியைத் திறக்கக் கூடாது. ஊரில் படுத்த படுக்கையாகக் கிடக்கிற கிழவன்மார் உண்டு. அவர்களும் யாருக்கோ அப்பன். மனசுக்குள் வீடு வீடாக ஏறி இறங்கினான். எந்த வீட்டு வாசலிலும் ஒரு ஆள் நின்று யாராக்கும் என்று கேட்டது.

கடைசியில் தன் வீட்டு வாசலுக்கு வந்தான்.

"ராபின்சன்," என்று சொன்னான். சத்தம் வரவில்லை. தொண்டையைச் செருமிவிட்டு மேலே பார்த்துத் தெளிவாகச் சொன்னான். "ராபின்சன். குளத்தடி வீடு."

இழுத்தான். மணி ஒரு நொடி யோசித்த மாதிரி இருந்து, பிறகு அடித்தது. கோபுரம் முழுக்க அதிர்ந்து அவன் பல்லில் இறங்கியது. மூச்சை இழுத்து விட்டான். அடுத்த அடி. தன் பேருக்கும் கை எப்போதும்போலத்தான் அடித்தது. குழி வெட்டுகிற நேரம், பெட்டி வருகிற நேரம், மண் போடுகிற நேரம் எல்லாவற்றையும் மனசுக்குள்ளேயே ஓட்டினான். ஓமனா அழுகிற நேரத்தையும் சேர்த்துக்கொண்டான். பிறகு ரெண்டு அடி, சேர்த்து. மூடு மணி.

கயிற்றை விட்டுவிட்டு நின்றான். இப்போது வருவார்கள். முதலில் மஞ்சு வருவாள். பிறகு அனில். மண்வெட்டியோடு மற்றவர்கள். யாராக்கும் என்பார்கள். நான்தான் என்று சொல்லிவிட வேண்டும், வேறு என்ன.

காத்து நின்றான். ஒரு காகம் கரைந்தது. ரோட்டில் ஒரு லாரி போனது. முற்றத்தில் ஒரு காலடி இல்லை.

அப்போது சாயாக்கடையில் இருந்து மஞ்சுவின் குரல் கேட்டது.

"எலே அனிலு, இனி அந்தப் பாட்ட வெச்சா கொறச்சு வையிலே. கடையில ஆளு கேட்டது ஒண்ணும் காதுல விழல்ல."

"நான் எங்க வெச்சேன் அக்கா? எனக்க போன் இஞ்ச சார்ஜுல கெடக்கு."

"பின்ன வேற எவனாவது வெச்சிருப்பான். காது செவிடாயிட்டு."

அவ்வளவுதான். தட்டில் வடை விழுகிற சத்தம். யாரோ சிரித்தார்கள்.

ராபின்சன் சுவரில் கை ஊன்றினான். மணி அடித்து ஊர் வராமல் இருந்தது அவன் கண்ட மட்டும் இதுவே முதல். வேலை தப்பியது என்று ஒரு நிம்மதி வந்தது. பின்னாலேயே ஒரு குளிரும் வந்தது. நாளைக்கு நிஜமாகவே ஒருத்தன் செத்தால் இவர்கள் எப்படி வருவார்கள்? அதை யோசிக்க இப்போது நேரமில்லை. வெளியே வந்தான். மஞ்சு அவனைப் பார்த்தாள். கோபுரத்து வாசலையும் பார்த்தாள். அவள் கையில் இருந்த தம்ளர் அப்படியே நின்றது. அவன் ரோட்டுக்கு ஓடினான்.

பஸ்ஸில் ஓமனாவுக்குப் போட்டான். எடுக்கவில்லை. மறுபடியும் போட்டான். பாலராமபுரம் கழிந்தது, எடுக்கவில்லை. வேறு வழியில்லாமல், எத்தனையோ நாளைக்குப் பிறகு, மகளின் நம்பரை அமுக்கினான். அங்கே எந்தப் பையிலோ, எந்தத் தலையணைக்குக் கீழேயோ அது இப்போது அடித்துக்கொண்டிருக்கும். அடிக்கட்டும் என்று காதோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டான். இப்போது அடிப்பது எனக்கு. அவளுக்கு இல்லை. அப்படிச் சொல்லிக்கொண்டே இருந்தான். பிந்திப் போனதோ? பேர் சொல்லுவதற்கு முன்னால் அது ஆளைத் தொட்டுவிட்டதோ? கண்டக்டர் டிக்கெட் கேட்டு ரெண்டு தடவை தோளைத் தட்ட வேண்டியிருந்தது.

ஆசுபத்திரி வராந்தாவில் ஓமனாவைக் கண்டுபிடிக்க நாலுபேரிடம் வழி கேட்டான். அவள் ஒரு தூண் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தாள். தலை குனிந்திருந்தது.

ஓமனா நிமிர்ந்தாள். முகம் வீங்கியிருந்தது. அழுத முகம். ஆனால் அது நல்ல அழுகையா கெட்ட அழுகையா என்று அவனுக்குப் படிக்கத் தெரியவில்லை.

"பெண்ணாக்கும்," என்றாள். "ஒரு கோழிக்குஞ்சு மாதிரி இருக்கு. ஆனா நல்லா கத்துச்சு."

"ஜிஜா?"

"மயக்கம் தெளிஞ்சுட்டு. மொதல்ல அப்பா வந்தாச்சான்னு கேட்டா. உங்களுக்குக் கோவமான்னு கேட்டா."

அவன் அங்கேயே, ஆட்கள் நடக்கிற வழியில், தரையில் உட்கார்ந்தான்.

பிறகு, நர்ஸ் அனுமதித்த நேரத்தில், உள்ளே போனார்கள். ஜிஜா வெளிறிப்போய்க் கிடந்தாள். அப்பாவைப் பார்த்ததும் உதடு கோணிக்கொண்டு அழ வந்தது. "எனக்கு என்ன மக்கா கோவம்," என்று மட்டும் சொன்னான். ஓமனா குழந்தையைத் துணியில் சுற்றியபடி அவன் கையில் வைத்தாள். ரப்பர் பால் கறுப்பு ஏறின கையில் அது உள்ளங்கை சுருக்கம் வரைக்கும் சூடாக இருந்தது.

ஓமனா அவன் காதுக்குப் பக்கத்தில் குரலைத் தாழ்த்தினாள். "மஞ்சு போன் செய்தா. கோயில்ல மணி அடிச்சியளாமே. நான் ஒரு நிமிஷம் செத்துப் பொழச்சேன். யாருக்காக்கும்?"

"ஒரு ஆளுக்கு."

"எந்த ஆளு? போதகருக்குத் தெரியுமா?"

"நாளைக்குச் சொல்லணும். மூடியாச்சு ஓமனா, விடு."

"யாருன்னு கேக்கேன்."

"நமக்குத் தெரிஞ்ச ஆளுதான்," என்றான் ராபின்சன்.

அவள் இன்னும் கேட்டிருப்பாள். அதற்குள் ஜிஜாவின் தலைமாட்டில் போன் அடித்தது. ஒரு அடி. மூச்சு விடுகிற வெறுமை. அடுத்த அடி. பக்கத்துக் கட்டில்காரி திரும்பிப் பார்த்தாள்.

ஓமனா பழக்கத்தில் அவன் தலையைப் பார்த்தாள். வழியில் வெயிலுக்குக் கட்டின துவர்த்து அங்கேயே இருந்தது. அவன் கை அதற்குப் போகவில்லை. குழந்தையின் முதுகுக்குக் கீழே இருந்த இடத்திலேயே இருந்தது. மூன்றாவது அடியும் கேட்டான். அடித்தவன் கை நல்ல கைதான் என்று நினைத்தான். தனக்கு அடிக்கிற மணிக்கு எவனும் தலைக்கட்டு அவிழ்ப்பது கிடையாது.

"ஜினுவாக்கும்," என்றான் ஓமனாவிடம். "எடுத்துச் சொல்லு."